தைப்பூசத்துக்கு முந்தின நாள் லீவு கிடைக்கவில்லையா?

கேள்வி: மலேசியாவில், பினாங்கில் ஒரு மத்திய அரசு அலுவலகத்தில் கவுன்டர் வேலை பார்க்கிறேன். தைப்பூசத்தன்று பொது விடுமுறைதான். ஆனால் முருகனின் வெள்ளி ரதம் தண்ணீர்மலைக் கோயிலுக்குப் புறப்படுவது முந்தின நாள் காலையில். அந்த ஒரு நாளுக்கு மூன்று வருடமாக லீவு கேட்கிறேன். ஒவ்வொரு முறையும் சிஸ்டத்தில் ‘அனுமதி இல்லை’ என்று மட்டும் வருகிறது. இப்படி மறுக்கலாமா?

பதில்: மறுக்கலாம். கசப்பான செய்திதான். அரசுப் பணியில் ஆண்டு விடுப்பு ஒரு சலுகை, உரிமை அல்ல. அரசு ஊழியர் விடுப்பைப் பற்றிய 1974ஆம் ஆண்டு பொது ஆணைகளின் ‘சி’ அத்தியாயம் தொட்டே நிலைமை இதுதான்: சேவைத் தேவையைப் பார்த்துத் துறைத் தலைவர் முடிவு செய்வார். தனியார் கம்பெனியில் இருக்கும் நண்பர்கள் 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தைக் காட்டுவார்கள். அரசு ஊழியருக்கு அது பொருந்தாது. லேபர் ஆபீஸுக்குப் போவது வீண் அலைச்சல்.

அதற்காக அதிகாரி மனம்போல முடிவெடுக்கலாம் என்று ஆகிவிடாது. அதிகாரம் அவர் கையில் என்றாலும், எல்லாருக்கும் ஒரே அளவுகோல் வேண்டும், காரணமும் வேலையோடு சம்பந்தப்பட்டதாக இருக்க வேண்டும். “கவுன்டரில் குறைந்தது இரண்டு பேர் தேவை, ஏற்கெனவே ஒருவர் லீவு” என்றால் அது நியாயமான காரணம். ஆனால் அந்த இரண்டு பேரில் ஒருவர் மூன்று வருடமும் நீங்களாகவே இருந்தால், சுமை ஒரே தலையில் விழுகிறது. கேட்க வேண்டியது அதைத்தான். “இந்தியர் என்பதால் மறுக்கிறீர்கள்” என்று முதல் வரியிலேயே ஆரம்பிக்காதீர்கள். கையில் ஆதாரம் இல்லாமல் அதைச் சொன்னால் பேச்சு அங்கேயே முறிந்துவிடும்.

பஹாசாவில் (மலாயில்) சுருக்கமாக ஒரு மின்னஞ்சல் போதும். சாரம் இப்படி இருக்கட்டும்: “இன்ன தேதிக்கான என் மனு மறுக்கப்பட்டது. காரணத்தைத் தெரிவிக்க வேண்டுகிறேன். கடந்த ஆண்டுகளிலும் இதே நாளுக்கு மறுக்கப்பட்டதால், இம்முறை சுழற்சி முறையைப் பரிசீலிக்கவும். நோன்புப் பெருநாளுக்கு முந்தின நாள் நான் கவுன்டரைப் பார்த்துக்கொள்ளத் தயார்.” அந்தக் கடைசி வரி முக்கியம். நம் நாட்டு அலுவலகங்களில் பெருநாள் லீவுகள் இப்படிக் கொடுத்து வாங்கித்தானே ஓடுகின்றன! இடம் மாற்றிக்கொள்ள ஒரு சக ஊழியர் சம்மதித்திருந்தால் அவர் பெயரையும் சேர்த்துவிடுங்கள். அதிகாரியின் வேலையைப் பாதி முடித்துக் கொடுத்த மாதிரி.

பதில் வரவில்லையா? துறைத் தலைவருக்கு எழுதுங்கள். அப்புறம் தொழிற்சங்கம். நிர்வாகமும் ஊழியர்களும் கூடிப் பேசும் துறைக் கூட்டு மன்றத்தில் ஊழியர் தரப்பு, “பண்டிகைக்கால லீவுக்குச் சுழற்சிப் பட்டியல் வேண்டும்” என்று பொதுவான விஷயமாக எழுப்பலாம்; உங்கள் பெயர் அடிபடாது. உயர் நீதிமன்றத்தில் நீதித்துறை மறுஆய்வு (அதிகாரியின் முடிவு சட்டப்படி சரியா என்று நீதிமன்றம் பார்ப்பது) கேட்கவும் வழி உண்டு, முடிவு தெரிந்து மூன்று மாதத்துக்குள். ஆனால் ஒரு நாள் லீவுக்கு வக்கீல் வைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. வழக்கு எடுபடுவதற்குள் ரதம் போய்த் திரும்பியிருக்கும்.

செய்யவே கூடாதது ஒன்று உண்டு. கோபத்தில் வேலைக்குப் போகாமல் இருந்துவிடாதீர்கள். அன்றைக்கு மட்டும் திடீரென்று எம்.சி. (மருத்துவ விடுப்புச் சான்று) போடவும் வேண்டாம். அனுமதியில்லாமல் வராமல் இருந்தால் 1993ஆம் ஆண்டு நடத்தை, ஒழுங்கு விதிமுறைகளின்படி ஒழுங்கு நடவடிக்கை வரும், அந்த நாளுக்கான சம்பளமும் போகும். நியாயம் உங்கள் பக்கம் இருந்தாலும் வழக்கு அவர்கள் பக்கம் சாய்ந்துவிடும்.

இம்முறையும் மறுத்தார்கள் என்றால், ‘சேவைத் தேவை காரணமாக’ என்று எழுத்தில் கேட்டு வாங்கி வையுங்கள். எடுக்க முடியாமல் போன நாள்களை அடுத்த ஆண்டுக்குக் கொண்டுபோகவும், ஓய்வு பெறும்போது பணமாகப் பெறுகிற கணக்கில் சேர்க்கவும் அந்தக் குறிப்பு உதவும்.