டாக்குமென்டரியில் என் அழுகை: வழக்குப் போடலாமா?

கேள்வி: புடாபெஸ்ட்டில் படித்துக்கொண்டே சைக்கிளில் சாப்பாடு டெலிவரி செய்கிறேன். சினிமா படிக்கும் நண்பர், தேர்வுக்கான குறும்படம் என்று சொல்லி என்னைப் படம்பிடித்தார். அம்மாவிடம் போனில் பேசி அழுததும் அதில் இருக்கிறது. ஹங்கேரிய மொழியில் ஏதோ தாளில் கையெழுத்து வாங்கினார். படம் விழாவுக்குப் போனபோது மேடைக்கும் கூப்பிட்டார், போனேன். இப்போது ஓடிடிக்கு விலை பேசுகிறார். எனக்கு ஒரு காசு இல்லை.

பதில்: நண்பர் துரோகம் செய்ததையும் காசு தராததையும் ஓரமாக வையுங்கள். பேசாத சம்பளத்தைக் கோர்ட் வாங்கித் தராது. எந்தப் பயன்பாட்டுக்குச் சம்மதித்தீர்கள் என்பதுதான் கேள்வி. ஹங்கேரியின் 2013 சிவில் சட்டம், பிரிவு 2:48-ன்படி, உருவத்தையும் குரலையும் பதிவுசெய்யவும் சம்மதம் வேண்டும், பயன்படுத்தவும் வேண்டும். தேர்வுக்குக் கொடுத்த சம்மதம் ஓடிடிக்குப் போதாது. சம்மதம் இருந்தது என்று காட்டும் பொறுப்பு படம் எடுத்தவருடையது. ஆகவே அந்தத் தாளின் நகலை முதலில் வாங்குங்கள். மொழி தெரியாத உங்களுக்கு அதை விளக்கிச் சொன்னதாகத் தாளிலேயே குறிப்பு இல்லையென்றால் அதன் சான்று வலு குறையும். அதற்காகத் தாள் செல்லாது என்று நினைத்துவிடாதீர்கள்.

தாள் எப்படியிருந்தாலும், என் கட்சிக்காரர்கள் மாட்டிக்கொள்வது வேறு இடத்தில். அங்கே நடத்தையே சம்மதமாகலாம். நீங்கள் மேடையில் சிரித்துக்கொண்டு நிற்கும் படம்தான் எதிர்த்தரப்பின் முதல் ஆவணமாக இருக்கும். போஸ்டரை ஃபேஸ்புக்கில் பகிர்ந்திருந்தால் அது இரண்டாவது. இப்போது அழிக்காதீர்கள், ஸ்கிரீன்ஷாட் எடுத்திருப்பார்கள். விழாவுக்குச் சம்மதம் என்றே கோர்ட் எடுத்துக்கொள்ளும் என வைத்துக்கொள்ளுங்கள். ஓடிடியில் போடுவதை மட்டும் எதிர்த்துப் பேசுங்கள்.

அப்புறம் நஷ்டஈட்டுத் தொகை. பிரிவு 2:52-ல் உரிமை மீறலைக் காட்டினால் போதும், தனியாக நஷ்டத்தை நிரூபிக்க வேண்டாம். அந்தத் தைரியத்தில் பலர் 50 லட்சம் ஃபோரின்ட் (ஹங்கேரிய நாணயம்) கேட்பார்கள். 5 லட்சம் கிடைத்தால் பத்தில் ஒரு பங்குதான் ஜெயித்ததாகக் கணக்கு. வழக்குச் செலவும் அந்த விகிதத்தில்தான் பிரியும். எதிர்த்தரப்பு வக்கீல் ஃபீஸில் பெரும்பகுதி உங்கள் தலையில் விழும், கிடைத்ததும் அதிலேயே கரையும்.

வெளிப்படையாகச் சொல்கிறேன், சமரசமாகப் போய்விடுங்கள். ஓடிடி ஒப்பந்தம் கையெழுத்தாகும் முன்பே பேசுங்கள். வாங்குகிறவர்கள் பொதுவாகப் படத்தில் வருபவர்களின் சம்மதக் கடிதத்தைக் கேட்பார்கள், உங்கள் பிடி அதுதான். போன் காட்சியை வெட்டச் சொல்லி, நியாயமான ஒரு தொகையும் கேட்டு, எல்லாவற்றையும் எழுத்தில் வாங்குங்கள். ஸ்பீக்கரில் அம்மாவின் குரலும் கேட்கிறது என்றால், அவர் பெயரில் தனியாக ஒரு கடிதம் அனுப்பச் சொல்லுங்கள். அவர் எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடவில்லை, எந்த மேடையிலும் ஏறவில்லை.