அப்பா பெயரா, கணவர் பெயரா? ஆதாரில் மிச்சம் ஒரே ஒரு வாய்ப்பு

கேள்வி: எனக்குத் திருமணமாகி மூன்று வருடம் ஆகிறது. பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலிலும் வங்கிக் கணக்கிலும் அப்பாவின் இனிஷியல்தான் இருக்கிறது. பான் அட்டையில் அப்பா பெயர் முழுசாக இருக்கிறது. கல்யாணமான புதிதில் மாமியார் வீட்டில் சொன்னார்கள் என்று ஆதாரில் மட்டும் கணவர் இனிஷியலுக்கு மாற்றினேன். மகள் பிறந்தபோது பிறப்புச் சான்றிதழில் என் பெயரோடு கணவர் பெயரைச் சேர்த்து எழுதிவிட்டார்கள். இப்போது கணவருக்கு துபாயில் வேலை. எனக்கும் ஒன்றரை வயது மகளுக்கும் பாஸ்போர்ட் எடுக்க வேண்டும். கெஜட்டில் (அரசிதழில்) போட்டால்தான் வேலை நடக்கும், எட்டாயிரம் ஆகும் என்கிறார் ஒரு ஏஜென்ட். ‘எல்லாத்துலயும் புருஷன் பேரையே போட்டுடு, தீர்ந்தது’ என்கிறார் அத்தை, அதாவது மாமியார். நான் எங்கிருந்து ஆரம்பிப்பது?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, நாமக்கல்.

பதில்: பெயரை வெளியிட வேண்டாம் என்று சொல்லிவிட்டீர்கள். பெயர் இல்லாமல் பெயர்ப் பிரச்னையை எப்படிப் பேசுவது? அதனால் உங்களுக்குக் கவிதா, அப்பாவுக்கு முருகேசன், கணவருக்குச் சரவணன் என்று நானே வைத்துவிட்டேன். கோபித்துக்கொள்ளாதீர்கள்.

முதல் வேலை, அந்த எட்டாயிரத்தைக் கொடுக்காதீர்கள். உங்களுக்கு கெஜட் தேவையே இல்லை. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

இரண்டாவது வேலை. இன்று ராத்திரி குழந்தை தூங்கியதும் எல்லாக் காகிதங்களையும் தரையில் பரப்பி இரண்டு குவியலாகப் பிரியுங்கள். அப்பா பெயர் இருப்பது ஒரு பக்கம், கணவர் பெயர் இருப்பது இன்னொரு பக்கம். மதிப்பெண் பட்டியல், பான், வங்கி பாஸ்புக் மூன்றும் அப்பா பக்கம் போகும். திருமணப் பதிவுச் சான்றிதழையும் பாருங்கள். அதிலும் மணமகளுக்கு அப்பா பெயரைத்தான் எழுதியிருப்பார்கள், ஏனென்றால் பதிவு செய்யப் போன அன்று உங்களிடம் இருந்த காகிதமெல்லாம் அந்தப் பெயரில்தான். ஆக அப்பா பக்கம் நான்கு. கணவர் பக்கம் ஆதாரும் மகளின் பிறப்புச் சான்றிதழும், இரண்டே இரண்டு.

அத்தை சொல்வதைக் கேட்டால் நான்கை மாற்ற வேண்டும். அந்த நான்கில் மதிப்பெண் பட்டியலைக் கல்யாணத்தைக் காரணம் காட்டி மாற்றித் தர மாட்டார்கள். மற்ற மூன்றையும் மாற்றிவிட்டு அது ஒன்று மட்டும் பழைய பெயரில் நின்றால், ஆயுசுக்கும் ‘இரண்டும் ஒரே ஆள்தான்’ என்று எழுதிக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். துபாய் போகிறவர்களுக்கு அந்தப் பட்டியல் இன்னொரு விதத்திலும் முக்கியம். பத்தாம் வகுப்பு தேறியவர் என்று காட்டினால் பாஸ்போர்ட்டில் குடியேற்ற அனுமதி தேவை என்ற முத்திரை விழாது. எனவே அசைக்க முடியாத காகிதத்தை நடுவில் வைத்துக்கொண்டு மற்றதை அதற்கு ஏற்ப வளைப்பதுதான் சுலபம். நீங்கள் கவிதா முருகேசனாகவே இருங்கள்.

கல்யாணமானால் பெயரை மாற்றியே ஆக வேண்டும் என்று இந்தியாவில் எந்தச் சட்டமும் சொல்லவில்லை. பாஸ்போர்ட்டுக்குத் திருமணச் சான்றிதழ் கட்டாயமில்லை என்று 2016 டிசம்பரிலேயே விதியைத் தளர்த்திவிட்டார்கள். திருமணத்துக்குப் பிறகு பெண்கள் பாஸ்போர்ட்டில் பெயரை மாற்ற வேண்டியதில்லை என்று 2017இல் பிரதமரே பேசினார். கணவர் பெயருக்கென்று பாஸ்போர்ட்டில் தனி வரி இருக்கிறது. சரவணன் அங்கே முழுப் பெயரோடு வந்துவிடுவார். (திருமணச் சான்றிதழ் வேண்டாம் என்பது பாஸ்போர்ட்டுக்கு மட்டும்தான். துபாய் குடும்ப விசாவுக்கு அது வேண்டும், அதுவும் சான்றொப்பம் வாங்கியதாக. பத்திரமாக வையுங்கள்.)

இந்தத் தலைவலி பெரும்பாலும் நம் ஊருக்கே உரியது. 1929இல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாட்டில் சாதிப் பட்டத்தைப் பெயரிலிருந்து நீக்கச் சொல்லித் தீர்மானம் போட்டார்கள். அதன் பலனாக நமக்குப் பெயர், முன்னால் ஓர் எழுத்து, அவ்வளவுதான் என்றாகிவிட்டது. நல்ல விஷயம். ஆனால் உலகத்து விண்ணப்பங்களில் எல்லாம் ‘சர்நேம்’ என்று ஒரு கட்டம் காலியாக நின்று நம்மை முறைக்கிறது. அதில் எதையாவது போட்டாக வேண்டுமே என்று அப்பாவைக் கொண்டுபோய் உட்கார வைக்கிறோம். வெளியூர் மருத்துவமனை ஒன்றில் என் முறை வந்தபோது அந்தக் கட்டத்தில் இருந்த பெயரைச் சொல்லித்தான் கூப்பிட்டார்கள். அப்பா போய்ப் பதினோரு வருடம் ஆகிறது. அவர் பெயரை ஒலிபெருக்கியில் கேட்டு ஒரு நிமிடம் எழுந்திருக்கவே முடியவில்லை எனக்கு.

கட்டத்தைக் காலியாக விடவும் கூடாது. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்களுக்குச் சுற்றுலா விசா கிடையாது என்று அறிவித்ததும் ஏகப்பட்ட பேர் தவித்தார்கள். பாஸ்போர்ட்டின் இன்னொரு பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் ஏற்றுக்கொள்வோம் என்று பிறகு தளர்த்தினார்கள். அமெரிக்க விசாவில் இன்னும் வேடிக்கை. ஒற்றைப் பெயர்க்காரரின் பெயரைச் சர்நேம் கட்டத்துக்குத் தள்ளிவிட்டு, முதல் பெயர் கட்டத்தில் ‘எஃப்என்யூ’ என்று அடிப்பார்கள். முதல் பெயர் தெரியவில்லை என்பதன் சுருக்கம் அது. அதையே நிஜப் பெயர் என்று நினைத்துக் கூப்பிடும் பேராசிரியர்களும் உண்டு.

சரி, ஆதாருக்கு வருவோம். கவனம் முழுவதும் இங்கேதான் வேண்டும். ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்றலாம். கல்யாணத்துக்குப் பிறகு ஒன்றைச் செலவழித்துவிட்டீர்கள், மிச்சம் ஒன்று. அதிலும் கோட்டைவிட்டால் விதிவிலக்கு கேட்டு மேலே விண்ணப்பித்து, கெஜட், பழைய பெயரின் சான்று என்று அலைய வேண்டியிருக்கும். ஏஜென்டுக்கு அப்போது கொண்டாட்டம்.

அந்த ஒரு வாய்ப்பைச் செலவழிக்கும் முன் ஒரு வெள்ளைத் தாளில் உங்கள் பெயரை ஆங்கிலப் பெரிய எழுத்தில் எழுதுங்கள். கவிதாவில் ‘டி’க்குப் பின்னால் ‘ஹெச்’ உண்டா? முருகேசனுக்கு ‘ஜி’யா, ‘கே’யா? ‘இ’ ஒன்றா, இரண்டா? உங்கள் இஷ்டத்துக்கு எழுதாமல் பான் அட்டையைப் பார்த்து எழுத்துக்கு எழுத்து அப்படியே எழுதுங்கள். அந்தத் தாளைப் பர்சில் வைத்துக்கொள்ளுங்கள். இனி எந்த கவுன்டரில் ‘பேர் சொல்லுங்கம்மா’ என்றாலும் வாயால் சொல்லாதீர்கள், தாளை நீட்டுங்கள். நம்மூரில் பாதிக் குழப்பம் காதால் கேட்டு டைப் அடிப்பதில்தான் பிறக்கிறது.

பானைப் பார்த்து எழுதச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. பானில் இனிஷியல் ஏற்கமாட்டார்கள், விரித்துத்தான் எழுத வேண்டும். அதனால்தான் உங்கள் அட்டையில் முருகேசன் இரண்டு முறை வருகிறார், உங்கள் பெயரோடு ஒட்டிக்கொண்டு ஒரு முறை, அப்பா பெயர் வரியில் இன்னொரு முறை. பாஸ்போர்ட்டிலும் இதே விதிதான், இனிஷியல் ஆகாது. எனவே பானில் இருக்கும் வடிவம் பாஸ்போர்ட்டுக்கு நேராகப் பொருந்தும். ஆதாரில் பெயர் திருத்தவும் பான் அட்டை செல்லுபடியாகும் சான்று. அந்த பத்து இலக்க எண்ணில் ஐந்தாவது எழுத்தைப் பாருங்கள், ‘எம்’ என்று இருக்கும். எண் கொடுத்த அன்று உங்கள் சர்நேம் எதுவோ அதன் முதல் எழுத்து அது. பிற்காலத்தில் பெயரை எத்தனை முறை மாற்றினாலும் எண் மாறாது. அத்தை சொன்னபடி கவிதா சரவணன் ஆகியிருந்தாலும் அந்த ‘எம்’ உங்களோடேயே இருந்திருக்கும்.

ஆதார் சேவை மையத்துக்குப் பான் அசல், திருமணச் சான்றிதழ் அசல், ஆதார் மூன்றையும் கொண்டுபோங்கள். கட்டணம் 75 ரூபாய், ரசீது கேட்டு வாங்குங்கள். உங்கள் பக்கம் திருப்பி ஒரு திரை வைத்திருப்பார்கள். பெரும்பாலானவர்கள் அதைப் பார்க்காமல் குழந்தையைச் சமாளித்துக்கொண்டு தலையாட்டிவிடுகிறார்கள். நீங்கள் குழந்தையை அம்மாவிடம் விட்டுவிட்டுப் போங்கள். ஆங்கிலத்தில் பெயரை அடித்ததும் கீழே தமிழில் கம்ப்யூட்டர் தானாகவே ஒன்றை எழுதும். ‘கவித முருகேஷன்’ என்றெல்லாம் வரும். தமிழையும் சரிபார்த்துத் திருத்தச் சொல்லுங்கள். பெயருக்கும் பெயருக்கும் நடுவே ஓர் இடைவெளி மட்டும் இருக்கட்டும், புள்ளி வேண்டாம். ஒப்புகைச் சீட்டில் அச்சானதைத் தாளோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு நாற்காலியை விட்டு எழுந்திருங்கள். பின்னால் நிற்பவர் முணுமுணுப்பார், முணுமுணுக்கட்டும்.

இதற்கிடையே மகளின் பிறப்புச் சான்றிதழ். ஒன்றரை வயது என்றால் அவள் 2023 அக்டோபர் 1க்குப் பிறகு பிறந்தவள். அந்தத் தேதியிலோ அதற்குப் பின்போ பிறந்தவர்களுக்குப் பாஸ்போர்ட்டில் பிறந்த தேதிக்கான ஒரே சான்று பிறப்புச் சான்றிதழ்தான் என்று 2025 பிப்ரவரியில் விதி வந்துவிட்டது. ஆகவே அந்தக் காகிதத்தைத் தட்டிக்கழிக்க முடியாது. அதில் அம்மா பெயர் கவிதா சரவணன், அம்மாவின் பாஸ்போர்ட்டில் கவிதா முருகேசன் என்றால் கவுன்டரில் நிச்சயம் கேட்பார்கள். பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் 15ஆவது பிரிவு பதிவில் உள்ள தவறைத் திருத்தப் பதிவாளருக்கு அதிகாரம் தருகிறது. எந்த ஊரில் பிரசவமோ அந்த ஊர்ப் பதிவாளரிடம்தான் போக வேண்டும், நீங்கள் இப்போது குடியிருக்கும் ஊரில் அல்ல. திருமணச் சான்றிதழ், மதிப்பெண் பட்டியல், பான் நகல்களோடு, ‘தாயின் பெயர் பிழையாகப் பதிவாகியுள்ளது’ என்று ஒரு பக்கத்துக்கு மிகாமல் மனு எழுதுங்கள். கதை வேண்டாம். எனக்குத் தெரிந்து இந்த ஒரு வேலைதான் நாள் பிடிக்கும். அதனால் ஆதாருக்குப் போகும் வாரத்திலேயே இதையும் ஆரம்பித்துவிடுங்கள்.

பாஸ்போர்ட் விண்ணப்பம் அதற்கப்புறம் பத்து நிமிட வேலை. முதல் கட்டத்தில் கவிதா, சர்நேம் கட்டத்தில் முருகேசன், கணவர் பெயர் வரியில் சரவணன். மகளுக்கு அவள் பெயர், சர்நேம் சரவணன். தாய்க்கும் மகளுக்கும் சர்நேம் வேறு வேறாக இருக்கிறதே, விமான நிலையத்தில் பிடித்துக்கொள்வார்களா என்று பயப்படாதீர்கள். மகளின் பாஸ்போர்ட்டிலேயே தாய் பெயர் என்று நீங்கள் இருப்பீர்கள். வேறு பெயரில் அறியப்பட்டதுண்டா என்று விண்ணப்பத்தில் ஒரு கேள்வி வரும். கணவர் பெயரோடு வேறெந்தப் பதிவாவது இருந்தால் அங்கே மறைக்காமல் எழுதிவிடுங்கள்.

வாக்காளர் அட்டைக்குப் படிவம் 8. ரேஷன் அட்டையில் உறவு ‘மனைவி’ என்று இருந்தால் போதும், அவசரமில்லை. வங்கியில் புது ஆதாரைக் கொடுத்து இனிஷியலை விரிக்கச் சொல்லுங்கள்.

இப்போது அந்த கெஜட். முதல் பெயரையே மாற்றுகிறவர்களுக்கு, அதாவது கவிதா நாளை முதல் காவ்யா என்று ஆகிறவர்களுக்கு அது வேண்டும். நியூமராலஜி பார்த்து எழுத்துக் கூட்டுகிறவர்களுக்கும் வேண்டும். சென்னை அண்ணா சாலையில் இருக்கும் எழுதுபொருள் மற்றும் அச்சுத் துறைக்கு நீங்களே விண்ணப்பிக்கலாம், ஏஜென்ட் வேண்டியதில்லை. தமிழ்நாடு அரசிதழில் ஆறாம் பகுதி, நான்காம் பிரிவு என்று ஒன்று இருக்கிறது. பொழுது போகாதபோது புரட்டிப் பாருங்கள். பிறந்த தேதி, சொந்த மாவட்டம், முகவரி, இன்ன பெயரில் இருந்தவர் இனி இன்ன பெயரால் அழைக்கப்படுவார் என்று வரி வரியாகப் போகும். அதே இதழில், இந்த விளம்பரங்களுக்குச் சட்டப் பொறுப்பு எதையும் அரசு ஏற்காது, விளைவெல்லாம் பெயரை மாற்றியவர் பாடு என்றும் அச்சடித்திருப்பார்கள். எட்டாயிரம் கேட்டவர் அந்த வரியை உங்களுக்குப் படித்துக் காட்டினாரா?

அத்தையிடம் எப்படிச் சொல்வது என்று கேட்கவில்லை, ஆனால் கடிதத்தில் அதுவும் இருக்கிறது. சட்டம் பேசாதீர்கள், உரிமை பேசாதீர்கள். ‘பேரை மாத்தினா பாஸ்போர்ட் தள்ளிப்போகும் அத்தை, அவரைப் பார்க்க அத்தனை நாளாகும்’ என்று மட்டும் சொல்லுங்கள். கூடவே அவருடைய ஆதாரையும் ரேஷன் அட்டையையும் வாங்கிப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அந்த வயதுக்காரர்களுக்குப் பெரும்பாலும் இரண்டிலும் பெயர் ஒன்றாக இருக்காது. மகனைப் பார்க்க அவரும் ஒருநாள் துபாய்க்குக் கிளம்புவார். அதற்கு முன்னால் உங்கள் பர்சில் இருக்கும் தாளைப் போல அவருக்கும் ஒன்று எழுதிக் கொடுங்கள்.