எடை குறைந்த பாய் எது? முதுகுப்பையோடு நடப்பவர்களின் கேள்விகள்

கேள்வி: மூன்று நான்கு நாள் பை சுமந்து நடக்கும் பயணங்களுக்கு இப்போதுதான் போக ஆரம்பித்திருக்கிறேன். பாய் வாங்கப் போனால் 300 கிராமிலிருந்து ஒரு கிலோ வரை வைத்திருக்கிறார்கள். இருப்பதிலேயே எடை குறைந்ததை எடுத்துவிட்டால் போதும்தானே?

பதில்: போதாது. எடையைக் கடைசியில் பாருங்கள். நீங்கள் படுக்கப்போகும் தரை எவ்வளவு குளிரும், நீங்கள் எப்படிப் படுத்துத் தூங்குகிறவர் என்ற இரண்டும் தெரிந்த பிறகுதான் தராசைத் தொட வேண்டும்.

பலரும் பாயை மெத்தைக் கணக்கில் வாங்குகிறார்கள். வீட்டில் வெறுந்தரையில் துண்டை விரித்துப் படுத்தே நன்றாகத் தூங்கிவிடுகிற ஆள்கூட, குளிர்ந்த மண்ணில் அப்படிப் படுத்தால் விடிவதற்குள் எழுந்து உட்கார்ந்துவிடுவார். கல் குத்துவதால் இல்லை. உடம்புச் சூட்டைத் தரை விடாமல் உறிஞ்சிக்கொண்டே இருப்பதால். ஸ்லீப்பிங் பேக் இருக்கிறதே என்று கேட்பீர்கள். அதற்குள் இருக்கும் இறகோ செயற்கைப் பஞ்சோ உப்பி நின்று காற்றைப் பிடித்து வைப்பதால்தான் சூடு தங்குகிறது. முதுகுக்கு அடியில் இருக்கும் பகுதி உங்கள் எடையிலேயே நசுங்கிவிடும். அங்கே பிடித்து வைக்கக் காற்று ஏது? அந்த இடம் முழுக்கப் பாயின் பொறுப்பு.

ஸ்லீப்பிங் பேக்கின் மேல் அச்சிட்டிருக்கும் வெப்பநிலைகூட, நல்ல காப்புள்ள பாயின் மேல் வைத்துச் சோதித்து எடுத்த எண்தான். மெல்லிய பாயில் படுத்துவிட்டு, "பூஜ்யம் டிகிரி தாங்கும் என்றார்கள், ஐந்து டிகிரிக்கே பல் தந்தியடித்தது" என்று பையைத் திட்டுகிறவர்கள் நிறைய. பாவம், அந்தப் பை என்ன செய்யும்!

பாய் எவ்வளவு குளிரைத் தடுக்கும் என்பதைச் சொல்ல ஆர் மதிப்பு என்று ஓர் எண் இருக்கிறது. எண் கூடினால் காப்பு கூடும். என் கணக்கு இது: இரவிலும் பத்து டிகிரிக்குக் கீழே போகாத கோடை நாட்களுக்கு 2 போதும். பூஜ்யத்தை நெருங்கும் இரவுகள் என்றால் 4-ஐ ஒட்டிப் பாருங்கள். பனியின் மேல் படுக்கப் போகிறீர்கள் என்றால் 5-க்கு மேல். சீக்கிரம் குளிரெடுக்கும் உடம்பு என்றால் எல்லாவற்றிலும் ஒன்று கூட்டிக்கொள்ளுங்கள். அந்த எண்ணைத் தொடும் பாய்களைத் தனியே எடுத்து வைத்துவிட்டு, அவற்றுக்குள் எது எடை குறைவு என்று தேடுங்கள்.

கேள்வி: அந்த ஆர் மதிப்பை நம்பலாமா? ஒரு பாயில் "மைனஸ் 10 டிகிரி வரை" என்று மட்டும் போட்டிருந்தார்கள். இன்னொன்று ஏழு சென்டிமீட்டர் தடிமன், அதில் எந்த எண்ணும் இல்லை.

பதில்: ஒரு காலத்தில் ஆளாளுக்கு ஒரு முறையில் அளந்து, ஆளாளுக்கு ஓர் எண்ணைப் போட்டார்கள். ஒரு நிறுவனத்தின் 4-ஐ இன்னொரு நிறுவனத்தின் 4-ஓடு ஒப்பிடவே முடியாது. 2018-இல் ஏஎஸ்டிஎம் எஃப்3340 என்ற பொதுவான சோதனை முறை வந்தது. சூடான தகடு ஒன்று, குளிர்ந்த தகடு ஒன்று, நடுவில் பாய். சூடான தகட்டை உடம்புச் சூட்டை ஒட்டிய 35 டிகிரியிலும் மற்றதை 5 டிகிரியிலும் நிறுத்தி வைக்க எவ்வளவு மின்சாரம் செலவாகிறது என்று அளப்பார்கள். செலவு குறைந்தால் பாய் நன்றாகத் தடுக்கிறது என்று அர்த்தம். இந்தச் சோதனையின் பெயரைச் சொல்லி எண் போட்டிருந்தால் ஒப்பிடலாம், நம்பலாம்.

"மைனஸ் 10 வரை" என்பது விளம்பர வாசகம். நீங்கள் எந்தப் பைக்குள் படுக்கிறீர்கள், என்ன உடுத்தியிருக்கிறீர்கள் என்பது தெரியாமல் பாய்க்கு மட்டும் ஒரு வெப்பநிலையைச் சொல்ல முடியாது.

தடிமன் பார்த்து ஏமாறாதீர்கள். உள்ளே ஒன்றும் இல்லாத வெறும் காற்றுப் பாய், ஏழு சென்டிமீட்டர் இருந்தாலும் குளிரும். மேலே உங்கள் உடம்பு பட்டுச் சூடாகும் காற்றும், கீழே தரை பட்டுக் குளிரும் காற்றும் நீங்கள் அசையும்போதெல்லாம் உள்ளுக்குள்ளேயே சுற்றிச் சுற்றிக் கலந்து, சூட்டைக் கீழே கொண்டுபோய்க் கொட்டிவிடும். இந்தச் சுற்றலைத் தடுக்கத்தான் நல்ல பாய்களில் உள்ளே சிறு சிறு அறைகளாகப் பிரித்து, சூட்டைத் திருப்பி அனுப்பும் பளபளப்பான படலமோ பஞ்சு அடுக்கோ வைக்கிறார்கள். எண் எதுவும் போடாத தடித்த பாயைக் கோடைப் பாய் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: மடிக்கிற ஃபோம் பாயா, வாயால் ஊதுகிற பாயா, தானாகவே ஊதிக்கொள்ளும் பாயா? எனக்கு ஒருக்களித்துப் படுத்தால்தான் தூக்கம் வரும்.

பதில்: கடைசி வாக்கியத்தை முதலில் சொல்லியிருந்தால் பாதி பதில் அங்கேயே முடிந்திருக்கும்!

மல்லாந்து படுக்கிறவருக்கு எடை உடம்பு முழுக்கப் பரவிவிடும். இரண்டு சென்டிமீட்டர் ஃபோமிலும் சமாளித்துவிடலாம். ஒருக்களித்துப் படுத்தால் இடுப்பெலும்பும் தோள்பட்டையும் மட்டுமே மொத்தத்தையும் தாங்கும். மெல்லிய ஃபோமில் நடுராத்திரிக்கு மேல் இடுப்பு மரத்துப்போய்ப் புரண்டுகொண்டே இருப்பீர்கள். உங்களுக்கு ஏழு, எட்டு சென்டிமீட்டர் உயரமுள்ள ஊதும் பாய்தான் சரி. கடையில் விரித்துக் காட்டச் சொல்லி, பத்து நிமிடமாவது பக்கவாட்டில் படுத்துப் பாருங்கள். கூச்சப்பட வேண்டாம், பணம் உங்களுடையது. இடுப்பு தரையைத் தொட்டால் இன்னும் கொஞ்சம் காற்று. தொட்டில்போல் ஆடினால் கொஞ்சம் குறையுங்கள். கல்லுப்போல் ஊதிவிட்டுப் படுப்பதுதான் புதியவர்கள் வழக்கமாகச் செய்யும் தவறு.

எடையில் ஃபோம்தான் ஜெயிக்கும் என்று நினைப்பீர்கள். அதுவும் இல்லை. தெர்மரெஸ்ட் நிறுவனத்தின் இஸட் லைட் சோல் என்ற மடிப்புப் பாய் சுமார் 410 கிராம், ஆர் மதிப்பு 2. அதே நிறுவனத்தின் நியோஏர் எக்ஸ்லைட் என்எக்ஸ்டி என்ற ஊதும் பாய் சுமார் 370 கிராம், மதிப்பு 4.5; சுருட்டினால் தண்ணீர் பாட்டில் அளவுதான். அப்புறம் எதற்கு ஃபோம்? விலை பல மடங்கு குறைவு. ஓட்டை விழாது. நடுவழியில் ஐந்து நிமிடம் உட்கார விரிக்கலாம், ஈரப் பாறையில் போடலாம், கிழிந்தாலும் மிச்சம் பாயாகவே இருக்கும். ஆனால் பைக்குள் அடங்காது. வெளியே கட்டித் தொங்கவிட்டால் வழியெல்லாம் புதரில் மாட்டும்.

ஊதும் பாயின் ஒரே பயம் முள். என்னுடைய முதல் ஊதும் பாய் மூன்றாவது இரவே தரை தொட்டது. ஒட்டுப் போடும் துண்டுகள் பாயோடு வந்திருந்தன, பத்திரமாக வீட்டு அலமாரியில் இருந்தன. மீதி இரண்டு இரவும் காய்ந்த துணியையெல்லாம் அடியில் பரப்பிப் படுத்தேன். ஆகவே ஒட்டுத் துண்டையும் பசையையும் பாயின் உறைக்குள்ளேயே போட்டு வையுங்கள்.

தானாக ஊதிக்கொள்ளும் பாய்க்கு ஒரு பரம்பரை உண்டு. 1970களின் தொடக்கத்தில் சியாட்டிலில், போயிங்கில் வேலை இழந்த பொறியாளர்கள் ஃபோமைக் காற்றுப் புகாத துணிக்குள் அடைத்து, வால்வு வைத்து இதை உருவாக்கினார்கள். தெர்மரெஸ்ட்டின் தொடக்கமே அதுதான். வால்வைத் திறந்தால் ஃபோம் விரிந்து காற்றை இழுத்துக்கொள்ளும். சொகுசான பாய். ஆனால் எடை, பருமன் இரண்டிலும் இன்றைய ஊதும் பாய்களிடம் தோற்றுவிட்டது. வண்டியிலேயே போய் இறங்கிக் கூடாரம் போடுகிறவர்களுக்கு நல்லது. நாள் முழுக்கச் சுமக்கப்போகும் உங்களுக்கு வேண்டாம்.

கேள்வி: ஊதும் பாய் வாங்கினேன். சாயங்காலம் கெட்டியாக ஊதி வைத்தால் நடுராத்திரியில் தொளதொளவென்று ஆகிவிடுகிறது. கடைக்காரர் ஓட்டையே இல்லை என்கிறார். மாற்றித் தரச் சொல்லலாமா?

பதில்: அவர் சொல்வது உண்மையாக இருக்கலாம். உங்கள் மூச்சுக்காற்று உடம்புச் சூட்டில் உள்ளே போகிறது. இரவில் அது ஐந்து டிகிரிக்குக் குளிர்ந்தால் கிட்டத்தட்ட பத்தில் ஒரு பங்கு சுருங்கும். பாய் தொளதொளக்க அது போதும். ஊதிவிட்டு ஒரு மணி நேரம் கழித்து, படுக்கப் போகும்போது இன்னும் இரண்டு மூச்சு ஊதுங்கள்.

உறுதி செய்ய வேண்டுமா? வீட்டில் ஒரே வெப்பநிலை உள்ள அறையில் ஊதி, மேலே கனமாக எதையாவது வைத்து ஓர் இரவு விட்டுப் பாருங்கள். காலையில் அப்படியே இருந்தால் பாய் நல்ல பாய். இறங்கியிருந்தால் சோப்புத் தண்ணீரைத் தடவி, குமிழி எங்கே வருகிறது என்று பாருங்கள். வால்வையும் தையல் விளிம்பையும் மறக்காதீர்கள். அங்கே குமிழி வந்தால் அது தயாரிப்புக் குறை, தாராளமாக மாற்றித் தரச் சொல்லலாம். நடுப்பகுதியில் ஊசிமுனை ஓட்டை என்றால், அவர்கள் உங்களைத்தான் கை காட்டுவார்கள்.

வாயால் ஊதாமல், வெளிக்காற்றைப் பிடித்துப் பாய்க்குள் அழுத்தும் பம்ப் பையால் ஊதினால் இன்னும் நல்லது. மூச்சின் ஈரம் உள்ளே போய்ப் பூஞ்சை பிடிக்காது, களைத்து வந்த நேரத்தில் தலையும் சுற்றாது.

கேள்வி: வீட்டில் ஃபோம் பாய் ஒன்று இருக்கிறது. குளிர்காலப் பயணத்துக்காகப் புதிதாக விலை கூடிய பாய் வாங்கத்தான் வேண்டுமா?

பதில்: வேண்டியதில்லை. ஆர் மதிப்புகளை அப்படியே கூட்டலாம். 2 மதிப்புள்ள ஃபோமின் மேல் 3 மதிப்புள்ள ஊதும் பாயைப் போட்டால் 5. ஃபோமை அடியில் போட்டால் முள்ளுக்கும் கவசம். ஊதும் பாய் ஒருவேளை போய்விட்டாலும் அன்றிரவு தரையில் கிடக்க வேண்டியிருக்காது. எடை கூடும்தான், ஆனால் கோடையில் ஏதாவது ஒன்றை மட்டும் தூக்கிக்கொண்டு போகலாமே.

கேள்வி: யோகா பாய்?

பதில்: வேண்டாம். பாதி யோகா பாய்கள் ஒரு கிலோவைத் தாண்டும், அந்த எடைக்குரிய காப்பும் கிடைக்காது.

கேள்வி: எடையைக் குறைக்க முக்கால் நீளப் பாய் வாங்கலாம் என்கிறார் நண்பர். அகலம் எவ்வளவு வேண்டும்?

பதில்: நண்பர் சொல்வது நடக்கும். தோளிலிருந்து முழங்கால் வரை பாய், காலுக்கு அடியில் காலியான முதுகுப்பை. கோடையில் பரவாயில்லை, குளிரில் பாதம் விறைக்கும். எனக்கு இது ஒத்துவரவில்லை. நீளத்தைவிட அகலத்தில்தான் ஆட்கள் அதிகம் வருத்தப்படுகிறார்கள். வழக்கமான பாய்கள் 51 சென்டிமீட்டர். மல்லாந்து படுத்தால் முழங்கை இரண்டும் தரைக்கு வழியும். 64 சென்டிமீட்டர் எடுத்தால் நூறு கிராம்போலக் கூடும். தோள் அகன்ற ஆளுக்கு அந்த நூறு கிராமை நான் யோசிக்காமல் சுமக்கச் சொல்வேன்.

கேள்வி: இரண்டு வருடப் பாய். நடுவில் பந்துபோல் ஓர் இடம் புடைத்துக்கொண்டது. ஒட்டுப் போட முடியுமா?

பதில்: முடியாது. மேல்துணியையும் கீழ்த்துணியையும் உள்ளே பிடித்து வைத்திருக்கும் இணைப்புகள் பிரிந்துவிட்டன. ஒன்று பிரிந்தால் பக்கத்தில் இருப்பதற்குப் பளு கூடும், புடைப்பு பெரிதாகிக்கொண்டே போகும். கெட்டியாக ஊதி வெயிலில் விட்டாலோ, வெயிலில் நிற்கும் காருக்குள் போட்டு வைத்தாலோ இது சீக்கிரம் வரும். அப்படி எதுவும் செய்யவில்லை என்றால், முள் குத்திய ஓட்டையைப்போல் இதை உங்கள் தலையில் கட்டுவது கடினம். பல நிறுவனங்கள் வாரண்டியில் மாற்றித் தருகின்றன. ஊதிய நிலையில் புடைப்பு தெரிகிறபடி படம் எடுத்து, ரசீதையும் சேர்த்து கடைக்கு இல்லாமல் தயாரிப்பாளருக்கே அனுப்புங்கள். பதில் வரும்வரை பாயைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். சிலர் வால்வுப் பகுதியை வெட்டி அனுப்பச் சொல்வார்கள்.