அந்த ஓட்டல் பில் யாருடையது?

இந்த இதழில் மூன்று கடிதங்கள். மூன்றுமே கார்டில் ஏறிய ஓட்டல் பில்லைப் பற்றியவைதான், ஆனால் ஒன்றுக்குச் சொல்லும் பதில் மற்றொன்றுக்குப் பொருந்தாது.

கேள்வி: நான் பள்ளி ஆசிரியை. என் கிரெடிட் கார்டு ஸ்டேட்மென்ட்டில் 1,869 ரூபாய் ஏதோ ஒரு ‘ஹாஸ்பிடாலிட்டி பிரைவேட் லிமிடெட், சென்னை’ என்று போட்டிருக்கிறது. தேதி ஒரு செவ்வாய்க்கிழமை. அன்றைக்கு நான் முழு நாளும் பள்ளியில் இருந்தேன், சென்னைக்குப் போயே எட்டு மாதம் ஆகிறது. கல்லூரியில் படிக்கும் மகன்தான் எதையாவது ஆர்டர் பண்ணியிருப்பான் என்று அவனைத் திட்டியும் விட்டேன், அவன் இல்லவே இல்லை என்கிறான். கணவரோ, ‘இரண்டாயிரம் ரூபாய்க்குள்தானே, கட்டிவிட்டுப் போ’ என்கிறார். கட்டிவிடட்டுமா மேடம்?
வாசகி, திருச்சி

பதில்: கட்டிவிட்டுப் போகாதீர்கள். உங்கள் மின்னஞ்சல் வந்த அன்றே இதைச் சொல்லி பதில் போட்டேன், மற்ற வாசகர்களுக்காக இங்கே விரிவாக எழுதுகிறேன். திருடப்பட்ட கார்டு எண் கையில் இருப்பவர்கள், அந்தக் கார்டு வேலை செய்கிறதா என்று பார்க்க முதலில் சின்னத் தொகையைத்தான் போட்டுப் பார்ப்பார்கள். அதைக் கண்டுகொள்ளாமல் விட்டால் அடுத்தது பெரிதாக வரும். அதனால் தொகை சின்னது என்பது விட்டுவிடக் காரணமே இல்லை.

அதே நேரம், எடுத்த எடுப்பில் ‘மோசடி’ என்று வங்கியில் சொல்லவும் வேண்டாம். சொன்ன நிமிடமே கார்டை முடக்குவார்கள், புதுக் கார்டு வரும், பழைய கார்டில் இணைத்து வைத்த மின்கட்டணம், இன்ஷூரன்ஸ் எல்லாவற்றையும் மறுபடி மாற்ற வேண்டும். கடைசியில் அது நீங்களே சாப்பிட்ட பில் என்று தெரிந்தால், செய்யாத தவற்றுக்கு ஓர் ஓட்டல்காரர் விளக்கம் எழுதிக்கொண்டிருப்பார். ஒரே ஒரு மாலைப்பொழுது உட்கார்ந்து தேடுங்கள். அதில் தெரியவில்லையென்றால் மறுநாள் காலை வங்கிக்குச் சொல்லிவிடுங்கள். ஒரு வாரம் யோசிக்கலாம் என்றால் அதற்கு இதில் இடமில்லை, ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

தேடுவதில் முதல் விஷயம், பெயர். வாசலில் தொங்கும் போர்டில் ஒரு பெயர், வங்கியில் பதிவான கம்பெனிக்கு வேறு பெயர். டொமினோஸ் பீட்சா சாப்பிட்டால் அதை இங்கே நடத்துகிற கம்பெனி ஜூபிலண்ட் ஃபுட்வொர்க்ஸ். நம் பக்கத்து மெக்டொனால்ட்ஸை நடத்துவது ஹார்ட்கேஸில் ரெஸ்டாரன்ட்ஸ். கேஎஃப்சி என்றால் ஊரைப் பொறுத்து தேவயானி இன்டர்நேஷனல் அல்லது சஃபையர் ஃபுட்ஸ். ஸ்விக்கியின் கம்பெனிக்குப் பல வருடம் பண்டில் டெக்னாலஜிஸ் என்றுதான் பெயர், சொமாட்டோவின் கம்பெனி 2025-இல் எடர்னல் ஆகிவிட்டது. பெரிய பெயர்களே இப்படியென்றால், மூன்று கிளை வைத்திருக்கும் ஒரு பிரியாணிக் கடை எந்தப் பெயரில் பதிவாகியிருக்கும் என்று யாருக்குத் தெரியும்? ஊரும் அப்படித்தான். நீங்கள் சாப்பிட்ட ஊருக்குப் பதில் கம்பெனி பதிவான ஊர் வந்து நிற்கும்.

இரண்டாவது, தேதி. கார்டைத் தட்டும்போது வங்கி அந்தத் தொகைக்குச் சம்மதம் மட்டும் கொடுக்கிறது. ஓட்டல் தன் கணக்கை முடித்து அனுப்பிய பிறகுதான் அது உங்கள் கணக்கில் ஏறும், இடையில் ஒன்றிரண்டு நாள் ஆகலாம், ஞாயிறு வந்தால் இன்னும் தள்ளும். சில ஸ்டேட்மென்ட்டில் இந்த ஏறிய தேதியைத்தான் காட்டுவார்கள். ஆகவே செவ்வாய் என்று இருந்தால் செவ்வாயை மட்டும் யோசிக்காதீர்கள், அதற்கு முந்தைய மூன்று நாளையும் யோசியுங்கள். போனில் வங்கி அனுப்பிய எஸ்எம்எஸ்களைப் பின்னோக்கித் தேடினால் இன்னும் நல்லது, ஏனென்றால் அது கார்டைத் தட்டிய நிமிடத்திலேயே வருவது.

மூன்றாவது, தொகை. பெரும்பாலான ஓட்டல்களில் ஜிஎஸ்டி 5 சதவீதம். அதனால் தொகையை 1.05-ஆல் வகுத்துப் பாருங்கள். 1,869-ஐ வகுத்தால் சரியாக 1,780 வருகிறது. உட்கார்ந்து சாப்பிட்ட பில்லாக இருக்க நல்ல வாய்ப்பு உண்டு என்று அப்போதே எனக்குத் தோன்றியது. எல்லா பில்லும் இப்படி முழுதாக வராது, சர்வீஸ் சார்ஜ், பேக்கிங் எல்லாம் சேர்ந்தால் கணக்கு மாறும், ஆனாலும் முயன்று பார்க்கலாம்.

நான்காவதாக, மகன் விஷயம். இந்தியாவில் ஆப் வழியாகவோ இணையத்திலோ இவ்வளவு பெரிய ஓட்டல் பில் கட்டினால் ஓடிபி கேட்கும், அது உங்கள் போனுக்குத்தான் வரும். அப்படி ஓடிபி வந்ததாக நீங்கள் எழுதாதபோது, அவன் விடுதியில் உட்கார்ந்து ஆர்டர் செய்திருப்பான் என்று நினைக்க இடமே இல்லை. ஓடிபியும் பின் நம்பரும் இல்லாமல் நடக்கக்கூடியது ஓட்டலில் கார்டை மெஷின்மேல் தட்டுவது. 2021 ஜனவரியிலிருந்து 5,000 ரூபாய் வரை அப்படித் தட்டலாம். ஆகவே கேட்க வேண்டிய கேள்வி ‘யார் ஆர்டர் பண்ணியது’ என்பதல்ல, ‘அந்த நாலைந்து நாளில் கார்டு எங்கெங்கே போனது’ என்பதுதான். வீட்டில் கேட்கும்போதும் இப்படியே கேளுங்கள். ‘நீதானே’ என்று ஆரம்பித்தால், உண்மையில் செய்தவர்கள்கூட வாயைத் திறக்க மாட்டார்கள்.

இவர் மறுநாளே எனக்கு எழுதினார். ஞாயிற்றுக்கிழமை குடும்பமாகத் தஞ்சாவூர் போய்விட்டு வரும் வழியில் ஓர் ஓட்டலில் சாப்பிட்டிருக்கிறார்கள், மடியில் தூங்கிய குழந்தையோடு இவர் காரில் உட்கார்ந்துவிட, கைப்பையிலிருந்து கார்டை எடுத்துப் போய்த் தட்டியவர் நாத்தனார். எஸ்எம்எஸ் தேடியதும் ஞாயிறு பிற்பகல் என்று கிடைத்துவிட்டது. மகனிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டதாகவும் எழுதியிருந்தார், அதைப் படித்ததும் மனதுக்கு நிறைவாக இருந்தது.

கேள்வி: ஓட்டலில் டெபிட் கார்டைப் போட்டபோது மெஷினில் ‘டிக்ளைன்ட்’ என்று வந்தது. காசாளர் மறுபடி போடச் சொன்னார், போட்டேன், சரியானது. வீட்டுக்கு வந்து பார்த்தால் 1,240 ரூபாய் இரண்டு தடவை போயிருக்கிறது. வங்கியில் கேட்டால் ஓட்டலைக் கேள் என்கிறார்கள், ஓட்டலில் கேட்டால் வங்கியைக் கேள் என்கிறார்கள்.
வாசகர், மதுரை

பதில்: உங்களை இப்படி அலைய விடுவது எனக்குக் கோபத்தைத் தருகிறது, ஏனென்றால் இதற்கு 2019 செப்டம்பரிலேயே ரிசர்வ் வங்கி விதி போட்டுவிட்டது. கணக்கில் பணம் கழிந்து, கடை மெஷினுக்கு உறுதி வராமல் போனால், நடந்த நாளுக்குப் பிறகு 5 நாளுக்குள் பணம் தானாகத் திரும்ப வேண்டும். அதைத் தாண்டினால் ஒவ்வொரு நாளுக்கும் 100 ரூபாய் இழப்பீடு, நீங்கள் கேட்காமலேயே கணக்கில் போட வேண்டும். 5 நாள் ஆகிவிட்டதா என்று எண்ணிப் பாருங்கள். ஆகவில்லையென்றால் பொறுங்கள், பெரும்பாலும் வந்துவிடும்.

ஆகிவிட்டதென்றால் முதலில் தெரிய வேண்டியது, கூடுதலாகப் போன அந்த 1,240 ஓட்டலின் கணக்குக்குப் போய்ச் சேர்ந்ததா இல்லையா என்பதுதான். காசாளரிடம் வாயால் கேட்டால் ‘வரலையே சார்’ என்றுதான் சொல்வார், அவர் பொய் சொல்கிறார் என்று அர்த்தமில்லை, அவருக்குத் தெரிவது மெஷினில் வந்த சீட்டு மட்டும். மேலாளரிடம் அந்த நாளுக்கான மெஷின் கணக்கை எடுக்கச் சொல்லுங்கள். சீட்டில் மெஷின் எண்ணும் ஒப்புதல் எண்ணும் இருக்கும், அதை வைத்து ஐந்து நிமிடத்தில் பார்க்கலாம். பணம் வந்திருந்தால் அவர்களே ரீஃபண்ட் போட முடியும். வரவில்லையென்றால் அதை ஒரு வரி எழுதி ஓட்டல் முத்திரையோடு வாங்கிக்கொள்ளுங்கள். அந்தத் தாளோடு வங்கிக்குப் போனால் யாரும் உங்களைத் திருப்பி அனுப்ப முடியாது.

வங்கியில் இதை ‘மோசடி’ என்று எழுதாதீர்கள், ‘ஒரே பில்லுக்கு இரண்டு முறை பணம் எடுக்கப்பட்டது’ என்று எழுதுங்கள். நான் வங்கியில் வேலை பார்த்த வருடங்களில், தவறான காரணத்தைக் குறித்ததால் தவறான பிரிவுக்குப் போய் வாரக்கணக்கில் தூங்கிய மனுக்களைப் பார்த்திருக்கிறேன். பில் 2,310 இருக்க மெஷினில் 3,210 என்று தட்டிவிடுவதும் உண்டு, அதற்கும் இதே வழிதான், காரணத்தில் ‘தொகை வேறுபடுகிறது’ என்று எழுதி பில்லின் நகலை இணைக்க வேண்டும்.

அப்புறம், அந்தச் சீட்டுகளை உடனே போனில் படம் எடுத்து வையுங்கள். அது வெப்பத்தில் அச்சாகும் தாள், பர்ஸில் கிடந்தால் சில வாரத்தில் எழுத்து மங்கி வெள்ளைத் தாளாகிவிடும்.

கேள்வி: எனக்குப் பாஸ்போர்ட்டே கிடையாது. லண்டனில் ஏதோ ஓட்டலில் 14,200 ரூபாய் என்று இரவு பதினொரு மணிக்கு எஸ்எம்எஸ் வந்தது. அப்போதே போன் பண்ணி கார்டை முடக்கினேன். இருபது நாள் கழித்து, ‘பரிவர்த்தனை வெற்றிகரமாக முடிந்திருக்கிறது, எனவே உங்கள் புகார் ஏற்கப்படவில்லை’ என்று மின்னஞ்சல் வந்திருக்கிறது. ஓய்வூதியத்தில் வாழ்கிறேன் அம்மா. கட்டித்தான் ஆக வேண்டுமா?
வாசகர், நாகர்கோவில்

பதில்: வேண்டாம் ஐயா. நீங்கள் செய்ய வேண்டியதைச் சரியாகச் செய்திருக்கிறீர்கள், இரவோடு இரவாகச் சொன்னதுதான் இப்போது உங்கள் கையில் இருக்கும் பலம்.

2017 ஜூலை 6 தேதியிட்ட ரிசர்வ் வங்கிச் சுற்றறிக்கை இதற்காகவே வந்தது. உங்கள் மேலும் வங்கி மேலும் தவறில்லாமல், இடையில் வேறெங்கோ தகவல் கசிந்து பணம் போனால், வங்கியின் தகவல் வந்து 3 வேலை நாளுக்குள் சொன்னவருக்கு ஒரு ரூபாய்கூடப் பொறுப்பு கிடையாது. 4 முதல் 7 வேலை நாள் என்றால் பொறுப்புக்கு ஓர் உச்சவரம்பு, 5 லட்சம் வரை லிமிட் உள்ள கிரெடிட் கார்டுக்கு அது 10,000 ரூபாய். இந்த இடத்தை எல்லா வாசகர்களும் கவனிக்க வேண்டும். போன தொகை இந்த உச்சவரம்பைவிடக் குறைவென்றால் அந்தத் தொகை முழுவதுமே உங்கள் தலையில் விழலாம். அதாவது 2,000 ரூபாய்ப் பில்லுக்கு அந்த முதல் 3 நாள்தான் எல்லாம். ஒரு மாலைக்கு மேல் தேடாதீர்கள் என்று திருச்சி வாசகிக்குச் சொன்னது இதனால்தான்.

வங்கி சொன்ன ‘வெற்றிகரமாக முடிந்தது’ என்பது பதிலே இல்லை. முடிந்ததால்தானே புகார் கொடுக்கிறீர்கள்! வாடிக்கையாளர்தான் பொறுப்பு என்று நிரூபிக்கும் கடமை வங்கியுடையது என்று அதே சுற்றறிக்கை சொல்கிறது. வெளிநாட்டு இணையதளங்கள் பலவற்றில் ஓடிபி கேட்காமலேயே கார்டு எண்ணை மட்டும் வைத்துப் பணம் எடுக்க முடியும். அதனால் எழுத்தில் கேளுங்கள்: கார்டு மெஷினில் போடப்பட்டதா, இணையத்தில் எண் அடிக்கப்பட்டதா? ஓடிபி அனுப்பப்பட்டதா, எந்த எண்ணுக்கு, எத்தனை மணிக்கு? ஓட்டல் கொடுத்த சீட்டின் நகல் எங்கே? ஸ்டேட்மென்ட்டில் உள்ள ஒரு தொகையை வாடிக்கையாளர் ஆட்சேபித்தால் 30 நாளுக்குள் விளக்கமும், தேவையான இடத்தில் ஆவணமும் தர வேண்டும் என்று 2022-இல் வந்த கார்டு விதிகளிலும் இருக்கிறது.

நீங்கள் சொன்ன நாளிலிருந்து 10 வேலை நாளுக்குள் அந்தத் தொகையைத் தற்காலிகமாக உங்கள் கணக்கில் வரவு வைத்திருக்க வேண்டும். வைத்தார்களா என்று உங்கள் கடிதத்தில் இல்லை, ஸ்டேட்மென்ட்டைப் பாருங்கள், வைக்கவில்லையென்றால் அதையும் புகாரில் சேருங்கள். இந்த மாத பில்லில் 14,200-ஐ விட்டு மீதியை முழுதாகக் கட்டுங்கள். மோசடி என்று ஆட்சேபித்த தொகைக்கு, விசாரணை முடியும்வரை எந்தக் கட்டணமும் போடக்கூடாது என்பதும் அந்த 2022 விதிகளில் உண்டு. அதைக் குறிப்பிட்டு, கட்டும் நாளுக்கு முன்பே ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள்.

சைபர் குற்றங்களுக்கான 1930 என்ற போன் எண்ணுக்கு இன்னும் சொல்லவில்லையென்றால் இன்றே சொல்லிப் பதிவு எண் வாங்குங்கள். சார்ஜ்பேக், அதாவது கடைக்குப் போன பணத்தைக் கார்டு நிறுவனம் வழியாகத் திரும்பக் கேட்கும் மனு, போட்டார்களா என்றும் வங்கியைக் கேளுங்கள். விசா, மாஸ்டர்கார்டு இரண்டிலும் இதற்குப் பொதுவாக 120 நாள் அவகாசம் உண்டு, உங்களுக்கு அதில் பெரும்பகுதி மீதமிருக்கிறது.

வங்கியின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு மறுபடி எழுதுங்கள், அங்கேயும் இதே பதில் வந்தால், அல்லது 30 நாளாகியும் பதிலே வராவிட்டால், ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். கட்டணம் இல்லை, வக்கீல் தேவையில்லை, ரிசர்வ் வங்கியின் புகார் இணையதளத்தில் இணையம் பழகிய யாராவது பக்கத்தில் இருந்தால் அரை மணி நேரத்தில் பதிந்துவிடலாம். எப்படி என்று தெரியாவிட்டால் 14448-க்குப் போன் செய்து கேளுங்கள். இரவு பதினொரு மணிக்கு வந்த எஸ்எம்எஸ், நீங்கள் போன் செய்த நேரத்தைக் காட்டும் பதிவு, புகார் எண், வங்கியின் மின்னஞ்சல், இந்த நான்கும் இணைப்பில் இருக்கட்டும்.

புதுக் கார்டு வந்ததும் வங்கியின் ஆப்பில் வெளிநாட்டுப் பயன்பாடு அணைந்திருக்கிறதா என்று பாருங்கள். புதிதாகத் தரும் கார்டில் அது அணைந்தே வர வேண்டும், ஆனாலும் ஒருமுறை கண்ணால் பார்த்துவிடுங்கள். வங்கிக்கு எழுத வேண்டிய கடிதத்தின் மாதிரியை உங்களுக்குத் தனியாக அனுப்பியிருக்கிறேன், அதில் தேதிகளை மட்டும் நிரப்பினால் போதும்.