காலக் கழிவைத் தின்னும் ஜந்துகள்

கேள்வி: காலப்பயணக் கதை ஒன்று எழுதியிருக்கிறேன். நாயகன் கடந்த காலத்துக்குப் போய் ஒரு விபத்தைத் தடுக்கிறான். அவன் மாற்றியதால் வேண்டாததாகிப்போன அந்தப் பழைய நாளைத் தின்ன விசித்திர ஜந்துகள் வருகின்றன. தின்று முடித்ததும் எல்லாம் சரியாகிவிடுகிறது. ‘அறிவியலே இல்லை’ என்று நண்பர்கள் சிரிக்கிறார்கள். இப்படி ஓர் உயிர் இருக்கவே முடியாதா? இந்தக் கற்பனை புதிதுதானே?

பதில்: இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடலாம். முழுக்கப் புதிதில்லை. காலத்தின் கோணங்களுக்குள் பதுங்கியிருக்கும் வேட்டை நாய்களை பிராங்க் பெல்நாப் லாங் 1929லேயே எழுதிவிட்டார். கடந்துபோன காலத்தைக் கடித்துத் தின்னும் பல்லுள்ள உருண்டைகள் ஸ்டீபன் கிங்கின் 1990ஆம் ஆண்டுக் குறுநாவலில் வருகின்றன. ஆனால் அவை வேட்டையாடும், விழுங்கும். உங்களுடையவை இன்னொருவன் செய்த காரியத்தின் கழிவில் பிழைக்கின்றன. அந்த வித்தியாசம் சின்னதில்லை, விட்டுவிடாதீர்கள்.

நண்பர்கள் விஷயம். சிரிக்க வேண்டிய இடத்தை விட்டுவிட்டு வேறெங்கோ சிரித்திருக்கிறார்கள். கழிவு என்று ஒன்று உண்டானால் அதைத் தின்ன ஒன்று வந்து சேருவதில் அறிவியலுக்கு ஒரு சங்கடமும் இல்லை. நைலான் 1935ல் மனிதன் உண்டாக்கிய பொருள். 1975ல் ஜப்பானில் ஒரு நைலான் ஆலையின் கழிவுநீர்க் குட்டையில், அந்தக் கழிவையே தின்று வாழும் பாக்டீரியாவைக் கண்டுபிடித்தார்கள். நடுவில் நாற்பதே வருஷம். உங்கள் நாயகனுக்கு முன்னால் யாருமே காலத்தைத் திருகவில்லை என்றால், இந்த ஜந்துகள் அதுவரை எதைத் தின்றன என்று ஒரு வாசகர் கேட்கலாம். கேட்டால் பயப்படாதீர்கள். காலம் பின்னோக்கியும் ஒழுகும் உலகத்தில் கழிவும் பின்னோக்கி ஒழுகும். பரிணாமத்துக்கு வேண்டிய அவகாசம் தானாகவே கிடைத்துவிடும்.

நான் சிரித்த இடம் வேறு. ‘வேண்டாததாகிப்போன நாள்’ என்கிறீர்களே, அதில் தின்ன என்ன இருக்கிறது? கழிவு என்பது ஒருவருக்கு வேண்டாதது, அவ்வளவுதான். தின்கிறவனுக்கு அதில் இன்னும் ஏதாவது மிச்சம் இருந்தாக வேண்டும். சாணியில் செரிக்காத சத்து இருப்பதால்தான் சாணி வண்டு அதை உருட்டிக்கொண்டு போகிறது. உங்கள் ஜந்து ‘காலத்தை’த் தின்கிறது என்று சொல்லிவிட்டு அடுத்த பத்திக்கு ஓடிவிட்டீர்கள்.

நானாக இருந்தால் இயற்பியலில் கைவைத்திருப்பேன். 1961ல் ரோல்ஃப் லாண்டாவர் என்ற இயற்பியலாளர் ஒன்று சொன்னார்: தகவலை அழிப்பது இலவசம் இல்லை. ஒரு பிட்டை, அதாவது தகவலின் மிகச் சிறிய அலகை, அழித்தால் அதற்கு ஈடாகக் கொஞ்சமாவது வெப்பம் வெளியேறியே ஆக வேண்டும். அறை வெப்பநிலையில் அந்தக் குறைந்தபட்சக் கணக்கு, புள்ளி வைத்து இருபது சுழியம் போட்டு அப்புறம் ஒரு 3, அத்தனை ஜூல். சொற்பம்தான். ஆனால் உங்கள் ஆள் அழித்தது ஒரு பிட் இல்லையே. நடந்து முடிந்த ஒரு முழு நாள்: சிதறிய ஒவ்வொரு கண்ணாடித் துண்டும் விழுந்த இடம், தெருவில் போனவர்கள் அத்தனை பேரின் ஞாபகம். அது முழுக்க வெப்பமாக வெளியேறும் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதுதான் கழிவு.

சும்மா சூடாக இருந்தாலும் போதாது. எல்லா இடமும் ஒரே சூட்டில் இருந்தால் அதிலிருந்து ஒரு வேலையும் வாங்க முடியாது. பக்கத்தில் குளிர்ந்த இடம் வேண்டும். ஆகவே உங்கள் ஜந்துகள் அழிக்கப்பட்ட அந்த நாளுக்குள் வாழாது, அதன் விளிம்பில்தான் ஒட்டிக்கொண்டிருக்கும். இதற்கு ஒரு மாதிரி வேண்டுமா? 1977ல் காலபாகஸ் தீவுகளுக்கு அருகே, வெளிச்சமே எட்டாத ஆழ்கடல் தரையில், வெந்நீர் பீறிடும் பிளவுகளைச் சுற்றி உயிர்க்கூட்டம் ஒன்றைக் கண்டார்கள். அங்கே குழாய்க்குள் நிமிர்ந்து நிற்கும் பெரிய புழுக்களுக்கு வாயும் இல்லை, குடலும் இல்லை. சிவந்த கொண்டையை நீட்டி, பிளவிலிருந்து வரும் ஹைட்ரஜன் சல்பைடையும் கடல்நீரில் இருக்கும் ஆக்சிஜனையும் ஒருசேர இழுத்து, உடம்புக்குள் குடிவைத்திருக்கும் பாக்டீரியாவுக்குக் கொடுக்கின்றன. சமைப்பது பாக்டீரியா. இரண்டு நீரும் கலக்கும் இடத்தை விட்டு நகர்ந்தால் பட்டினி. உங்கள் ஜந்துக்கு நீங்கள் எழுதியிருக்கும் மூன்று வரிசைப் பற்களைவிட, வாயே இல்லாத இது பயங்கரமாக இல்லையா?

இனி, எனக்கு உண்மையிலேயே எரிச்சல் வந்த இடம். ‘எல்லாம் சரியாகிவிடுகிறது.’ விருந்து முடிந்ததும் பந்தியைக் கூட்டிப் பெருக்க வருகிறவர்கள் மாதிரி இந்த ஜந்துகள் வந்து, நீங்கள் அவிழ்க்க முடியாத முடிச்சையெல்லாம் தின்றுவிட்டுப் போகின்றன. விபத்து நடக்கவில்லை என்றால் அதைத் தடுக்க நாயகன் ஏன் கிளம்பினான்? அந்தச் சிக்கலுக்குப் பதில் எழுதச் சோம்பி அதை ஜந்துக்கு ஊட்டிவிட்டீர்கள். உயிர் என்றால் அதற்கென்று ஒரு பசி, ஒரு நோக்கம் இருக்கும். எழுத்தாளருக்கு வேலை செய்ய அது வராது. தின்றால் அதுவும் எதையாவது கழிக்கும். நாம் மூச்சில் இழுக்கும் ஆக்சிஜனே நுண்ணுயிர்கள் கழித்த கழிவுதான். ஏறக்குறைய 240 கோடி ஆண்டுகளுக்கு முன் அது காற்றில் சேரத் தொடங்கியபோது அன்றைய உயிர்கள் பலவற்றுக்கு விஷம். உங்கள் ஜந்து தின்று கழிப்பது என்ன? அது யார் வீட்டில் போய்ச் சேருகிறது? விபத்திலிருந்து பிழைத்தவன்தான் அதை முதலில் மூச்சில் இழுப்பான் என்று எனக்குத் தோன்றுகிறது. அது உங்கள் கதை, நீங்கள் முடிவு செய்யுங்கள்.

கடைசி இரண்டு பக்கங்களைக் கிழித்துவிட்டு, அங்கிருந்து திரும்ப எழுதி அனுப்புங்கள். படிக்கிறேன். பற்களை மட்டும் தயவுசெய்து எடுத்துவிடுங்கள்.