மார்கழியில் மலையேறுங்கள்

கேள்வி: கல்யாண வீடியோ எடுக்கிறேன். கேமரா, ஒலிப்பதிவு, எடிட்டிங் மூன்றும் தெரியும். ஏற்காட்டுக் காப்பித் தோட்டத் தொழிலாளர்கள் பற்றி ஆவணப்படம் எடுக்க ஆசை. இருக்கும் தொழிலை விட்டுவிட்டு இறங்கலாமா?
– வாசகர், அஸ்தம்பட்டி, சேலம்

பதில்: விடாதீர்கள். மார்கழியில் முகூர்த்தம் இல்லை. ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலையில் அராபிகா வகைக் காப்பிப் பழம் பறிக்கும் மும்முரமும் அப்போதுதான். ஆடியிலும் மண்டபங்கள் காலி. அதை எடிட்டிங்குக்கு வையுங்கள். காப்பிப் பூ மட்டும் காலண்டருக்குக் கட்டுப்படாது. கோடை மழை நன்றாகப் பெய்தால் எட்டு, பத்து நாளில் விரியும். மூன்று நான்கு நாளில் வாடிவிடும். மழை பெய்த அன்றே போன் செய்ய மலையில் ஓர் ஆள் வேண்டும். பங்குனி முகூர்த்தம் குறுக்கே வந்தால் பூ அடுத்த ஆண்டுதான்.

மூன்றும் தெரிந்தால் செலவு குறையும். ஆனால் மூன்றையும் ஒரே நேரத்தில் செய்தால் முதலில் கெடுவது ஒலி. கண் ஃப்ரேமில் இருக்கும்போது காது ஹெட்போனை மறந்துவிடும். பேட்டி நாட்களிலாவது ஒலிக்கு ஒருவரை அழைத்துப் போங்கள். காற்று இரைச்சலைத் தடுக்க, சட்டையில் குத்தும் லேப்பல் மைக்கில் ரோம உறை போடுங்கள். உச்ச ஒலி மீட்டரில் மைனஸ் 12 டெசிபல் அருகே நிற்கட்டும். ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாத ஒரு நிமிடத்தைப் பதியுங்கள். அது இல்லாவிட்டால் எடிட்டிங்கில் வெட்டிய இடமெல்லாம் காதில் இடறும்.

பல்பு வெளிச்சத்தில் நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 நொடி. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மாற்றி வைத்தால் படத்தில் பட்டை ஓடும். பனிமூட்டத்தில் ஆட்டோஃபோகஸ் அலையும், கையால் வையுங்கள். குளிரிலிருந்து சூடான அறைக்குள் வந்ததும் பையைத் திறக்காதீர்கள், லென்ஸ் வியர்க்கும். அரை மணி நேரம் பொறுங்கள்.

100 எம்பிபிஎஸ் (நொடிக்கு 100 மெகாபிட்) வேகத்தில் பதிந்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. 30 மணி நேரத்துக்கு 1,350 ஜிபி. 2 டிபி டிஸ்க் இரண்டு வாங்கி, வேறு வேறு வீட்டில் வையுங்கள்.

தோட்ட முதலாளியிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். தொழிலாளர் சம்மதத்தை அவர்களிடமே தனியாகக் கேளுங்கள். முதலாளி அழைத்து வந்து உட்கார வைத்தவர், முதலாளிக்குப் பிடித்ததைத்தான் பேசுவார். கிலோ கணக்கில் கூலி என்றால், பறிக்கும் நேரத்தில் நிறுத்திப் பேசுவது அவர் வருமானத்தில் கைவைப்பது. மாலையில் எடை போட்ட பிறகு பேசுங்கள். காப்புக்காட்டுக்குள் கேமரா வைக்க வனத்துறை அனுமதி தனி.

விசிட்டிங் கார்டில் ஒரே வேலையைப் போடுங்கள். எல்லாம் செய்வேன் என்றால், எல்லாம் சேர்த்து எவ்வளவு என்றுதான் பேரம் நடக்கும். நல்ல ஒலிப்பதிவாளராகப் பேர் வாங்கினால் மற்றவர்களின் ஆவணப்படங்களே சம்பளம் தரும். அவர்கள் வேலை செய்யும் விதமும் பழகும்.

திருவனந்தபுரம், மும்பை ஆவணப்பட விழாக்களைக் குறிவையுங்கள். அதுவரை முழுப்படத்தை யூடியூபில் ஏற்றாதீர்கள். முதல் திரையிடல் தங்கள் விழாவிலேயே நடக்க வேண்டும் என்று கேட்கும் விழாக்கள் உண்டு.