போராங் கே உள்ளே போய்விட்டதா, இல்லையா?

பினாங்கிலிருந்து ஒரு வாசகர் 3 பக்கம் எழுதியிருக்கிறார். சுருக்கம் இது. தாத்தா ஜார்ஜ் டவுன் துறைமுகத்தில் வெள்ளைக்காரனுக்கு உழைத்தவர், அப்பா 1949இல் அங்கேயே பிறந்தவர், இவர் 1979இல். தான் ஒரு ‘பிரிட்டிஷ் ஓவர்சீஸ் சிட்டிசன்’, அதாவது பிஓசி, என்பதே ஒரு ஏஜென்ட் சொல்லித்தான் இவருக்குத் தெரியுமாம். ஏஜென்ட்டின் திட்டப்படி முதலில் பிஓசி பாஸ்போர்ட், அப்புறம் மலேசியக் குடியுரிமையைத் துறப்பது, அப்புறம் ‘எனக்கு வேறு நாடே இல்லை’ என்று லண்டனில் மனு, கடைசியில் முழு பிரிட்டிஷ் பாஸ்போர்ட். முன்பணம் கட்டியாகிவிட்டது. இப்போது சந்தேகம் வந்து கேட்டால் பாதிப் பணத்தைத் திருப்பித் தருகிறேன் என்கிறாராம் ஏஜென்ட். கேஸ் போடலாமா, பிரிட்டிஷ் உரிமையையும் விடாமல் போராடலாமா என்று கேட்கிறார்.

ஐயா, உங்கள் கடிதத்தில் எனக்குத் தேவையானது ஒரே வரி. இரண்டாம் பக்கத்தில், போகிற போக்கில், “போராங் கே-யில் கையெழுத்து போட்டு ஏஜென்ட்டிடம் கொடுத்துவிட்டேன்” என்று எழுதியிருக்கிறீர்கள். மலேசியக் குடியுரிமையைத் துறக்கும் படிவம் அது. அந்தத் தாள் இப்போது எங்கே இருக்கிறது? ஏஜென்ட்டின் மேசை டிராயரிலா, ஜேபிஎன் என்கிற தேசியப் பதிவுத்துறை அலுவலகத்திலா? மற்றதெல்லாம் இதற்குப் பிறகுதான். மலேசிய அரசியலமைப்பின் 23ஆம் பிரிவுப்படி துறப்புப் பிரகடனம் அரசிடம் பதிவாகும்போதுதான் குடியுரிமை போகும். பதிவாகாதவரை நீங்கள் மலேசியர். பதிவான நொடியில் இல்லை.

உங்கள் மனக்குறைகளைப் பற்றி நான்கு வரி, அவ்வளவுதான். 1948 சட்டம் காலனியில் பிறந்தவனையும் லண்டனில் பிறந்தவனையும் ஒரே குடிமகன் என்றது உண்மை. உள்ளே வருவதற்குக் கட்டுப்பாடு போட 1962இல் ஆரம்பித்து, 1968இல் கென்யாவிலிருந்து வந்த இந்தியர்களைத் தடுக்க 3 நாளில் ஒரு சட்டத்தை ஓட்டி, 1971 சட்டத்தில் பிரிட்டனில் பிறந்த பெற்றோரோ தாத்தா பாட்டியோ இருந்தால்தான் உள்ளே என்று முடித்ததும் உண்மை (அது அமலுக்கு வந்த 1973 ஜனவரி 1 அன்றுதான் பிரிட்டன் ஐரோப்பியச் சமூகத்தில் சேர்ந்தது, ஒரே நாளில் ஒரு கதவு திறந்து இன்னொன்று சாத்தியது). இது அநியாயமா என்றால் அநியாயம்தான். அதை வைத்து உங்களுக்கு பாஸ்போர்ட் வாங்க முடியுமா என்றால், முடியாது. ஹாங்காங்காரர்களுக்கு 2021இல் கிடைத்த விசா பிஎன்ஓ, அதாவது ‘பிரிட்டிஷ் நேஷனல் (ஓவர்சீஸ்)’ என்ற வேறொரு தகுதிக்கானது, அதைக் காட்டி வாதாட வழியில்லை. 2022இல் வந்த ‘பழைய சட்ட அநீதி’ப் பிரிவு 4எல் இருக்கிறதே என்று யாராவது சொல்வார்கள். நீங்கள் எழுதியிருப்பதில் அதற்குள் பொருந்துகிற எதையும் நான் பார்க்கவில்லை.

நீங்கள் பிஓசி என்பதில் ஏஜென்ட் பொய் சொல்லவில்லை. பினாங்கும் மலாக்காவும் நேரடி பிரிட்டிஷ் காலனிகள், பேராக், சிலாங்கூர் மாதிரி சுல்தான்களின் பாதுகாப்பு அரசுகள் இல்லை. 1957இல் மெர்டேக்கா, அதாவது மலாயாவின் சுதந்திரம், வந்தபோது மற்ற காலனிகளில் செய்ததைப் போல இந்த இரண்டு ஊர்க்காரர்களின் பழைய பிரிட்டிஷ் தகுதியை லண்டன் பறிக்கவில்லை. அப்பா வழியாக அது உங்களுக்கு வந்தது, 1983 ஜனவரி 1 அன்று அதன் பெயர் பிஓசி என்று மாறியது. ஆனால் அதில் பிரிட்டனுக்குள் நுழையும் உரிமை இல்லை, தங்கும் உரிமை இல்லை, பிள்ளைகளுக்கும் போகாது. பெயரில் மட்டும் குடிமகன்.

இனி அந்தக் கண்ணி. 2002இல் ஒரு சட்டம் கொண்டுவந்து, வேறு எந்தக் குடியுரிமையும் இல்லாத பிஓசி-க்கள் முழு பிரிட்டிஷ் குடிமகனாகப் பதிவு செய்துகொள்ளலாம் என்றார்கள். பிரிவு 4பி. ஏஜென்ட்டுகள் காட்டுவது இந்தப் பாதியை. அடுத்த பாதி, 2002 ஜூலை 4க்குப் பிறகு வேறு குடியுரிமையைத் துறந்தவருக்கு இது கிடையாது. உகாண்டாவிலும் கென்யாவிலும் நாடில்லாமல் நின்ற பழைய குடும்பங்களுக்காக வந்த பிரிவு இது, கையில் மலேசிய ஐசி (அடையாள அட்டை) வைத்திருப்பவர் அதை வீசிவிட்டு வருவதற்காக அல்ல.

இதைச் சொன்னால் ஏஜென்ட் அடுத்த யோசனை வைத்திருப்பார், எனக்குத் தெரியும். “நீங்கள் துறக்க வேண்டாம், பிஓசி பாஸ்போர்ட்டில் பயணம் செய்யுங்கள், மலேசியாவே அரசியலமைப்பின் 24ஆம் பிரிவில் குடியுரிமையைப் பறித்துவிடும், அப்போது நீங்கள் துறந்ததாக ஆகாது.” பிரிவு 4பி-யை எழுதியவர்கள் இதையும் யோசித்துத்தான் எழுதினார்கள். துறந்தாலும், நீங்கள் ஏதோ செய்ததால் போனாலும், செய்ய வேண்டியதைச் செய்யாமல் விட்டதால் போனாலும் ஒன்றுதான். ஆகவே பிஓசி பாஸ்போர்ட்டுக்கு இன்னும் விண்ணப்பிக்கவில்லை என்றால் விண்ணப்பிக்காதீர்கள். அது லண்டனில் எந்தக் கதவையும் திறக்காது, கோலாலம்பூரில் உங்களுக்கு எதிரான ஆதாரமாக நிற்கும்.

இப்படி வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். விசிட்டராக வந்து, துறப்பை முடித்து, ஊழியர் சேமநிதிப் பணத்தையும் ‘நாட்டை விட்டுப் போகிறேன்’ என்று எடுத்துச் செலவழித்துவிட்டு, மனு நிராகரிக்கப்பட்ட கடிதத்தோடு என் அலுவலகத்தில் உட்கார்ந்தவர்கள். வேலை செய்ய அனுமதி இல்லை, ஹோட்டல் சமையல்கட்டில் ரொக்கக் கூலி, வருஷம் பத்து பதினைந்து ஓடிவிடுகிறது. ஒருவர் அம்மாவின் காரியத்துக்குப் போக முடியாமல் போனில் பார்த்துக்கொண்டிருந்தார். நாடற்றவர் என்று சொல்லியாவது தங்கலாமே என்றால், 2018இல் லண்டன் உயர் நீதிமன்றம் அதையும் அடைத்துவிட்டது, பிஓசி-யும் ஒரு குடியுரிமைதான், ஆகவே நீங்கள் நாடற்றவர் இல்லை என்று. கவனியுங்கள், துறக்கும்போது மலேசியாவுக்கு அது குடியுரிமை, மனு போடும்போது பிரிட்டனுக்கும் அது குடியுரிமை, விமான நிலையத்தில் இறங்கினால் மட்டும் அது ஒன்றுமில்லை. திரும்பிப் போனாலும் அந்நியனாக வதிவு அனுமதி கேட்டுத்தான் போக வேண்டும், துறந்தவரை மறுபடி குடிமகனாகப் பதிவு செய்ய மத்திய அரசின் தனி ஒப்புதல் வேண்டும். அரசனை நம்பிப் புருஷனைக் கைவிட்ட கதைதான்.

நிஜமாகவே பிரிட்டன் வேண்டும் என்றால் வழி ஒன்று இருக்கிறது, ஆனால் மெதுவானது. மலேசிய பாஸ்போர்ட்டிலேயே வேலை விசா வாங்கி வாருங்கள். சட்டப்படி 5 ஆண்டு இருந்து, அதில் கடைசி ஓராண்டு நிரந்தர வதிவிடத்தோடு இருந்தால், பிஓசி என்பதால் பிரிவு 4இல் பதிவு செய்துகொள்வது உங்கள் உரிமை. நிரந்தர வதிவிடத்துக்கான காலத்தையே 10 ஆண்டாக நீட்டப்போவதாக 2025 வெள்ளை அறிக்கை சொன்னது, அதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். மலேசிய ஐசி-யை விடுவது அந்தப் பாதையின் கடைசிப் படி, மற்றது கைக்கு வந்த பிறகு.

சரி, ஏஜென்ட். கேஸ் போட வேண்டாம். ஜெயிக்க மாட்டீர்கள் என்பதற்காக அல்ல. உங்கள் கையெழுத்துள்ள தாள் அவர் கையில் இருக்கிறது, நீங்கள் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினால் ‘வேலையை முடித்துவிட்டேன்’ என்று காட்டுவதற்காகவே அவர் அதை ஜேபிஎன்னில் சேர்க்கப் பார்க்கலாம். பாதிப் பணத்துக்கு ஒப்புக்கொள்ளுங்கள். மீதியை மறந்துவிடுங்கள். நாளைக் காலையே முதலில் ஜேபிஎன்னுக்குப் போய், உங்கள் பெயரில் துறப்பு ஏதும் வந்திருக்கிறதா என்று கேளுங்கள், வந்திருந்தால் பதிவாகும் முன் எழுத்தில் திரும்பப் பெறுங்கள், அன்றே அங்குள்ள வக்கீல் ஒருவரையும் பாருங்கள். வரவில்லை என்றால் நேராக ஏஜென்ட்டிடம் போங்கள். மூலப் படிவம், நகல் அல்ல, உங்கள் கைக்கு வந்த பிறகு பணத்துக்கான ரசீதில் கையெழுத்து போடுங்கள்.